கட்டிவைத்த கஞ்சிப் பானை

வடமராட்சி முழுவதிலும் தரையை நம்பாத மனிதர் ஒரே ஒருவர்தான். அவர் எங்கள் பக்கத்து வளவில் இருந்தார்.

முப்பது வருடம் சரக்குக் கப்பல்களில் சமைத்தவர். உடுப்பிட்டியில் தமக்கை வீட்டுக்கு வந்து ஒரு வருடமாகியும் மனிதர் கப்பலை விட்டு இறங்கவில்லை. காலை அகட்டித்தான் நடப்பார். தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் வைக்கவே மாட்டார். பானையைக் கம்பியால் யன்னலோடு கட்டிவிட்டுத்தான் அடுப்பு மூட்டுவார். கோயில் அன்னதானத்துக்கு உதவப் போய் ஐந்து கிடாரங்களையும் பந்தற் காலோடு கட்டிவிட்டார். அவிழ்த்து முடிப்பதற்குள் சனத்தில் பாதி பசியோடு வீட்டுக்குப் போய்விட்டதாம். ஊருக்கு அவர் ‘கப்பல்’. எனக்கு மட்டும் ‘கப்பல் அண்ணை’.

அப்போது எனக்குச் சிரிக்கிற நிலைமை இல்லை. ஒன்றரை வயது மகன் கண்ணன், காய்ச்சல் விட்டுப் பத்து நாளாகியும் சாப்பிட வாய் திறக்கவில்லை. பாலைத் தவிர எல்லாவற்றுக்கும் தலையாட்டல்தான். “திங்கட்கிழமைக்குள்ளை சாப்பிடாட்டி பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கோ” என்று டொக்டர் சொல்லியிருந்தார்.

ஞாயிறு வந்துவிட்டது. அன்று மத்தியானம் இன்னொரு தோல்வியும் சேர்ந்தது. என் கணவர் படிப்பிக்கும் பள்ளிக்கூடத்துப் பெரியவாத்தியார் சாப்பிட வந்திருந்தார். பட்டணத்து மனிதராயிற்றே என்று, மனையியல் பாடக் கொப்பியைப் பார்த்து, மிளகாய்த்தூள் படாமல் முழுக்கோழியை ரோஸ்ற் செய்திருந்தேன். அவர் ஒரு துண்டைக் கடித்துவிட்டு, “குழம்பு வைக்கேல்லையோ தங்கச்சி?” என்றார். பிறகு சம்பலோடு சாப்பிட்டு முடித்தார்.

மிஞ்சிய கோழியோடு கொல்லைக்குப் போனேன். நாய்க்குப் போடலாமா, போட்டால் வீண்செலவா என்று நான் யோசித்துக்கொண்டு நிற்க, வேலியிலிருந்த ஓட்டைக்குள்ளால் ஒரு தலை நீண்டது.

“பிள்ளை, எறியாதை! மிளகாய் படாத கோழி! கப்பலாலை இறங்கினாப்பிறகு இண்டைக்குத்தான் காணுறன்.”

ஐந்து நிமிடத்தில் அவர் என் குசினியில் நின்றார். முதல் வேலையாகப் பானையை யன்னலோடு கட்டினார். எலும்புகளை முறித்துப் போட்டு, இஞ்சி தட்டிப் போட்டு, பானை நிறையத் தண்ணீர் விட்டு, “அரிசி எங்கை?” என்றார். தட்டுப்பாட்டுக் காலம். இருந்த கடைசிப் பிடியைக் கொடுத்தேன்.

“என்ன அண்ணை காய்ச்சிறியள்?”

“சீனன்ரை கஞ்சி. என்னோடை குசினியிலை நிண்ட சீனன் காட்டித் தந்தது. காய்ச்சல்காரருக்கு அவங்கள் இதைத்தான் குடுப்பாங்கள்.”

“கஞ்சிக்குள்ளை கோழியோ? கோழி சூடெல்லோ அண்ணை?”

“முதலிலை வாயைத் திறக்கட்டும் பிள்ளை. சூடு குளிர் பிறகு பாப்பம்.”

மனையியல் கொப்பியை மறுபடி புரட்டினேன். சீனரைப் பற்றி அதில் ஒன்றுமில்லை.

இரண்டு மணி நேரத்தில் சோறு குழைந்து, பருக்கையே தெரியாமல் பால்போலானது. எலும்பைப் பொறுக்கி எறிந்தார். இறைச்சியை நூலாகப் பிய்த்துப் போட்டு, மேலே இரண்டு சொட்டு நல்லெண்ணெய் விட்டார். ஒரு கோப்பையில் ஊற்றி ஆறவைத்து, என் மடியிலிருந்த கண்ணனிடம் கரண்டியை நீட்டினார். தலையாட்டல்.

அந்த நேரம் பார்த்து அவருடைய தமக்கையின் ஆட்டுக்கிடாய் கொல்லைக் கதவால் பாய்ந்து வந்து அடுப்பு மேடையை முட்டியது. உப்புச் சிரட்டை, தேங்காய், என் மனையியல் கொப்பி எல்லாம் நிலத்தில். பானை மட்டும் ஒருமுறை சரிந்து, கம்பியில் தொங்கி, நிமிர்ந்தது.

கப்பல் அண்ணையோ கோப்பையை உயர்த்திப் பிடித்தபடி, ஒற்றைக் காலில் இடமும் வலமும் சாய்ந்தார். ஒரு சொட்டுச் சிந்தவில்லை.

கண்ணன் வாய் நிறையச் சிரித்தான். திறந்த வாய்க்குள் கரண்டி போனது.

அவன் மென்றான். விழுங்கினான். பிறகு, பத்து நாளாகக் கேட்காத ஒரு சொல்: “இன்னும்!”

“பாத்தியே பிள்ளை, தரையும் ஆடும்!” என்று அவர் கூவினது சந்திவரை கேட்டிருக்கும். மூன்று கோப்பை போனது. திங்கட்கிழமை ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை. மிஞ்சிய கஞ்சியில் என் கணவர்கூட இரண்டு கோப்பை குடித்துவிட்டு, “குழம்பு இல்லாட்டியும் பரவாயில்லை” என்றார்.

அடுத்த வருடமே கப்பல் அண்ணை மறுபடி கப்பலேறிவிட்டார். கண்ணன் இப்போது பள்ளிக்கூடம் போகிறான். காற்று அடிக்கிற நாட்களில் பானையை யன்னலோடு கட்டிவிட்டுத்தான் நான் கஞ்சி காய்ச்சுகிறேன். என் குசினி ஆடாது என்று எனக்குத் தெரியும். அவருடையது ஆடுமே.