கம்பி அண்ணை பிடித்த முகூர்த்தம்

கனடாவுக்கு வந்து, கடைசிவரை கார் வாங்காமல், அதையே ஒரு பட்டம்போலச் சொல்லித் திரிந்த ஒரே தமிழர் கம்பி அண்ணைதான். சொந்தப் பெயர் அவருடைய பாஸ்போர்ட்டுக்கு மட்டும் தெரியும்.

எண்பதுகளின் நடுவில் பார்லிமெண்ட் தெருப் பக்கம் ஒரே அப்பார்ட்மெண்டில் ஏழு பேர் இருந்தோம். அதில் அவர்தான் மூத்தவர், நாற்பத்தைந்து வயதிருக்கும். கொழும்பில் மேலே இரண்டு மின்கம்பிகளைப் பிடித்துக்கொண்டு ரப்பர் சில்லில் ஓடிய ட்ரொலி பஸ்ஸில் கண்டக்டராக இருந்தவர். அங்கே முதலில் ட்ராமை நிறுத்தினார்கள், பிறகு ட்ரொலி பஸ்ஸையும் நிறுத்தினார்கள். டீசல் பஸ்ஸில் கால் வைக்க மாட்டேன் என்று அண்ணை வேலையை விட்டுவிட்டார். ரொறன்ரோவில் இரண்டும் ஓடுவதைக் கண்ட முதல் நாள் வீதியோரம் நின்று அழுதாராம். கூடப் போனவர்கள் வீட்டு நினைவு வந்துவிட்டது என்று நினைத்துத் தேற்றியிருக்கிறார்கள்.

“இஞ்சையும் ட்ராமை நிப்பாட்ட வெளிக்கிட்டவங்கள். சனம் சண்டை பிடிச்சு மறிச்சது. சனம் எண்டால் உதுதான் சனம்” என்பார்.

தலைக்கு மேலே கம்பி இல்லாத வாகனம் அவருக்கு வாகனமே இல்லை. டீசல் பஸ்ஸைக் கண்டால், “உது லொறி. யன்னல் வைச்சிருக்கினம், அவ்வளவுதான்” என்பார். சுரங்க ரயிலில் போகலாமே என்று ஒருநாள் கேட்டேன். “நிலத்துக்குக் கீழை போறதுக்கு எங்களுக்கு ஒரு நாள் வரும். ஏன் அவசரப்படுறாய்?” என்றார்.

புதிதாக வருகிறவர்கள் வழி கேட்பதும் அவரிடம்தான். மன்னாரில் இருந்து வந்த ஒருவர் மிசிசாகாவில் ஒரு தொழிற்சாலைக்கு நேர்முகத் தேர்வுக்குப் போக வேண்டியிருந்தது. அண்ணை அவரை மேற்கே ட்ராம் பாதை முடியும் இடம்வரை அனுப்பினார். “அங்காலை எப்பிடியண்ணை?” “கம்பி முடிஞ்சுதெண்டால் நட.” அந்த மனிதர் பனிக்குள் ஒன்றரை மணி நேரம் நடந்திருக்கிறார். நடந்து வந்தவனைப் பார்த்த மனேஜர் கேள்வி ஒன்றும் கேட்காமல் வேலையைக் கொடுத்துவிட்டார். அதற்குப் பிறகு அண்ணையோடு யார் வாதாடுவது?

நாங்கள் சேர்ந்து ஒரு பழைய கார் வாங்கியபோதும் சுற்றிவந்து பார்த்தார். “முன்னாலை சாய்ஞ்சு நிண்டு படம் எடுத்து ஊருக்கு அனுப்பு. போய் வரக் கம்பியைப் பாப்பம்” என்றார். எங்களுக்கு நல்ல கோபம் வந்தது.

அந்தக் கோபம் என் கலியாணத்தன்று பனியோடு கரைந்தது.

கார்த்திகை மாதக் கடைசி முகூர்த்தம், பதினொன்றரைக்கு முடிகிறது. அதை விட்டால் மார்கழி, கலியாணம் இல்லை. பெண் தன் மாமாவோடு லண்டனில் இருந்து வந்திருந்தாள், திங்கட்கிழமை திரும்ப டிக்கெட். மாமா கையில் அங்கே ஒரு எக்கவுண்டன்ட் மாப்பிள்ளையும் தயாராக இருந்தான். நானோ உணவகத்தில் கோப்பை கழுவுகிறவன். பிந்தினால் என் கதை முடிந்தது.

காலையில் பார்த்தால் முழங்கால் உயரத்துக்குப் பனி. பூக்கட்டி வைத்த காரைத் தேடவே கால் மணியாயிற்று. கண்டுபிடித்தும் அது உயிர் பெறவில்லை. அண்ணை சவரம் செய்து, வேட்டி கட்டி, தயாராக நின்றார்.

“வெளிக்கிடு. கொலிஜ் தெருவாலை ட்ராம், ஒசிங்டனிலை ட்ரொலி. மண்டப வாசலிலை இறங்கலாம்.”

சரிகைத் தலைப்பாகை, பட்டு வேட்டி, மேலே பனிக்கோட்டு, மடியில் கூறைச்சேலையும் தாலியும் வைத்த தட்டு. இந்தக் கோலத்தில் ட்ராமில் இருந்தேன். சாரதி ஒன்றும் கேட்காமல் அடுத்த வண்டிக்கான ட்ரான்ஸ்ஃபர் துண்டுகளைக் கிழித்துத் தந்தார். ஸ்பாடைனா தெருவைத் தாண்டியதும் தண்டவாளத்தை மறித்து ஒரு கார் நின்றது. மணி அடித்துப் பார்த்தும் சொந்தக்காரனைக் காணவில்லை.

“ட்ராம் விலத்தாது. கார்தான் விலத்தோணும். எல்லாரும் இறங்குங்கோ” என்றார் அண்ணை.

வேட்டி கட்டி என்னோடு வந்த எங்கள் வீட்டு ஆறு பேரும், வேலைக்குப் போன நாலு போர்த்துக்கேயர்களும் காரின் பின்பக்கத்தைத் தூக்கி ஓரத்தில் வைத்தார்கள். கார் ஒன்று எங்கள் முன்னால் தோற்றதில் அண்ணைக்கு அளவில்லாத திருப்தி.

ஒசிங்டனில் ட்ரொலி பஸ் ஏறினோம். புளூர் தெருவைத் தாண்டியதும் பின்னால் ‘படார்’ என்றது. நீல நெருப்புப் பறந்தது. விளக்கு அணைந்து பஸ் நின்றுவிட்டது. கூரையில் இருக்கும் இரண்டு தடிகளும் கம்பியை விட்டுக் கழன்றிருந்தன. மணி பதினொன்று ஐந்து. மண்டபம் ஓக்வுட் மேட்டில். நடந்தால் முக்கால் மணி. மாமா கோட்டைப் போடுவது என் கண்ணுக்குத் தெரிந்தது.

சாரதி வேலைக்குப் புதிதான ஒரு பெண். இறங்கி, பின்னால் தொங்கும் கயிற்றை இழுத்துத் தடியைக் கம்பியில் வைக்கப் பார்த்தாள். காற்று தடியை ஆட்டியது. நாலு தரம் தவறியது. ஆட்களைக் கூப்பிட ஃபோன் தேடிப் புறப்பட்டாள். அண்ணை அவள் முன்னால் போய் நின்றார்.

“மேடம். கொழும்பு ட்ரொலி. ஃபோர் இயர்ஸ்.”

அவள் அவரைப் பார்த்தாள். யன்னலில் தலைப்பாகையோடு ஒட்டிக்கொண்டிருந்த என்னையும் பார்த்தாள். கயிற்றைக் கொடுத்துவிட்டாள்.

அண்ணை கையுறையைக் கழற்றினார். காற்று ஒருதரம் அடங்கும்வரை அசையாமல் நின்றார். பிறகு கயிற்றைச் சுண்டி விட்டார். ஒரு தடி ‘டக்’ என்று ஏறியது. மற்றதும் ஏறியது. விளக்கு எரிந்தது. முழு பஸ்ஸும் கைதட்டியது. நடுவீதியில் முகத்தில் பனி விழ அண்ணாந்து நின்ற அந்த மனிதரின் சந்தோஷத்தில் பாதிகூட அன்றைக்கு மாப்பிள்ளை முகத்தில் இருந்திராது.

பதினொன்று இருபத்தெட்டுக்குத் தாலி கட்டினேன். மாமா கோட்டைக் கழற்றிக்கொண்டே, “இந்தப் பனிக்குள்ளை எந்தக் கார் ஓடினது?” என்றார்.

“கார் இல்லை மாமா. ட்ரான்ஸ்ஃபர்” என்றேன்.

அறுகம்புல்லும் அரிசியும் தலையில் தூவி வாழ்த்தும் அறுகரிசி போட, “மாப்பிள்ளையின்ரை தாய் தேப்பன் வரலாம்” என்று ஐயர் கூப்பிட்டார். அவர்கள் யாழ்ப்பாணத்தில் ஊரடங்குக்குள் இருந்தார்கள். சுற்றிப் பார்த்தேன், அண்ணையைக் காணவில்லை. தடி மறுபடி கழன்றால் அந்தப் பெண் என்ன செய்வாள் என்று கடைசித் தரிப்பிடம்வரை கூடப் போய்விட்டாராம்.

“கொஞ்சம் பொறுங்கோ ஐயா, வருவார்” என்றேன். பசியோடு முழு மண்டபமும் காத்திருந்தது.

அரை மணியில் வந்தார். விசயம் கேட்டதும் பின்வாங்கினார். “எனக்கேனடா உது? கை முழுக்கக் கயித்துக் கறுப்பு. பொறு, கழுவிப்போட்டு வாறன்.”

“வேண்டாம் அண்ணை, உந்தக் கையாலையே போடுங்கோ” என்றாள் என் மனைவி.

அறுகரிசி தலையில் விழும்போது, தலைப்பாகையைச் சரிசெய்கிறவன்போல நான் முகத்தை மூடிக்கொண்டேன்.