லாகூர் மாஸ்டரும் என் இடுப்புக் குடமும்

எனக்குக் கோர்வையாக எழுத வராதுங்க. நாலாம் வகுப்போடு நிறுத்திவிட்டார்கள். ஞாபகமும் விட்டுவிட்டுத்தான் வருகிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

சிங்காநல்லூர்ப் பக்கம் அப்போது பேசும்படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அப்பா தன் காளை ஜோடியைப் படப்பிடிப்புக்கு ஓட்டிப்போனபோது நானும் தொற்றிக்கொண்டேன். பன்னிரண்டு வயது. அந்நிய ஆம்பளை முகத்தை நிமிர்ந்து பார்த்தால் கண் அவிந்துவிடும் என்று நம்பிய பிள்ளை.

பாட்டுப் போட லாகூரிலிருந்து ஒருவரை வரவழைத்திருந்தார்கள். அங்கே ஓர் உருதுப் படத்துக்கு மெட்டுப் போட்டவராம். எல்லோருக்கும் அவர் 'லாகூர் மாஸ்டர்'. இங்கே அவருக்கு எதுவும் கூடிவரவில்லை. அன்று பொழுது சாய்வதற்குள் கிணற்றடிப் பாட்டு முடியாவிட்டால் அவரை ரயிலேற்றிவிடச் சொல்லிவிட்டாராம் பட முதலாளி. பார்த்து அன்றைக்கே பாட வேண்டிய பெண்ணுக்குக் காய்ச்சல். நான் மாரியம்மன் கோயில் கும்மியில் பாடுவேன் என்று அப்பா பெருமையடித்துவிட்டார். (வாயை மூடிக்கொண்டு காளையைப் பார்த்திருக்கலாம்.)

அந்தக் காலத்தில் படம் பிடிக்கும்போதே பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் காமிராவுக்குத் தெரியாமல் ஒளிந்திருப்பார்கள். அட்டையில் செய்த கிணற்றுச் சுவருக்குப் பின்னால் மாஸ்டர் குந்தியிருந்தார். பக்கத்தில் ஆர்மோனியத்தோடு ரஹீம் பாய். பாய் கோட்டைமேட்டுக்காரர், மாஸ்டர் உருதுவில் சொல்வதை அவர்தான் எங்களுக்குத் தமிழில் சொல்வார். மாஸ்டர் கையைத் தூக்கினால் நான் பாட வேண்டும், இறக்கினால் நிறுத்த வேண்டும்.

இடுப்பில் தண்ணீர்க் குடத்தோடு சுவரோரம் நின்றேன். மாஸ்டர் கையைத் தூக்கினாராம். நான் என் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். திரும்ப எடுத்தார்கள். அப்போதும் கட்டைவிரல்தான். வெயில் தென்னை மட்டைக்குக் கீழே இறங்கிவிட்டது. அப்பா நைசாகக் காளைகளுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார்.

"கண்ணு, அவரு பொழப்பே உன்ற கையிலதான் இருக்குது. ஒருக்கா நிமிந்து பாரு," என்றார் பாய்.

காமிரா ஓடத் தொடங்கியது. துணிந்து நிமிர்ந்தேன். பாவம், மாஸ்டர் கையைத் தூக்கவில்லை. பாடிவிடு தாயே என்பதுபோல இரண்டு கையையும் கூப்பினார்.

ஒரு பெரியவர் கும்பிட்டால் எங்கள் பக்கத்தில் சும்மா நிற்பார்களா? நானும் இரண்டு கையையும் கூப்பினேன்.

"வாங்க," என்றேன்.

குடம் சுவரைத் தாண்டி ஆர்மோனியத்தின் மேல் விழுந்தது. அது எருமைக் கன்றுபோல ஒரு சத்தம் போட்டு அடங்கியது. கிணறு நனைந்து, மெல்ல மடங்கிச் சாய்ந்தது. கும்பிட்ட கை கும்பிட்டபடி மாஸ்டர் காமிராவுக்கு முன்னால் குந்தியிருந்தார்.

மறுநாள் அவரை ரயிலேற்றிவிட்டார்கள். வழியனுப்பிவிட்டு வந்த பாய் அப்பாவிடம் சொன்னார்: "அம்மணி மேல கோவமே இல்லீங்களாம். இந்த ஊருக்கு வந்து இத்தனை நாள்ல அவரை வாங்கன்னு கூப்பிட்டது அது ஒண்ணுதானுங்களாம்."

இன்றும் வீட்டில் என் கையில் ஒரு சொம்பு கொடுப்பதென்றால்கூட, "மொதல்ல கும்பிட்டுப்போட்டு அப்பறம் வாங்கிக்குங்க," என்கிறார்கள்.

மாஸ்டர் லாகூர் திரும்பி, உருதுப் படம், பஞ்சாபிப் படம் என்று நிறையப் பாட்டுப் போட்டு நன்றாக இருக்கிறார் என்று பிற்பாடு பாய் சொன்னார். என்னைத் தேற்றச் சொன்னாரோ என்னவோ. அவருடைய நிஜப் பெயர்கூட எனக்குத் தெரியாது. பழைய சினிமா விவரம் தெரிந்த யாராவது விசாரித்து, அது உண்மைதானா என்று ஒரு வரி எழுதிப் போடுங்கள்.