யாகப்பரின் முதுகு

மூன்றாம் முறையும் யாகப்பர் திரும்பிவிட்டார்.

"அப்பா, அசையாதேங்கோ எண்டெல்லோ சொன்னனான்!"

"ஓமடா. நான் அசையேல்லை."

லியோன் கமராவைத் தாழ்த்தினான். கொழும்பில் சினிமா படிக்கிறவன். போன வருடம் கடைசிப் படத்தில் பெயில். இம்முறையும் விட்டால் வீட்டுக்குப் போகச் சொல்லிவிடுவார்கள். இன்று காலையில்தான் ஊர்காவற்றுறையில் வந்திறங்கினான். நாளை விடிய முதல் பஸ்ஸில் திரும்பவேண்டும்.

அவனுடைய பரீட்சார்த்தப் படத்தில் கதை கிடையாது. கடற்கரையில் ஒரு கிழவர் கதிரையில் இருப்பார். கமரா ஒரு வெட்டுமில்லாமல் ஏழு நிமிடம் அவரைச் சுற்றிவரும். முகம், காது, முதுகு, மறுபடி முகம். அசையும் கமரா, அசையாத மனிதன். அதுதான் படம்.

அந்த முதுகுதான் கிடைக்கவில்லை. கமரா போகும் பக்கமெல்லாம் யாகப்பரின் முகமும் போனது. போட்டுப் பார்த்தால் மனிதன் அப்படியே இருக்க, பின்னால் கடல்தான் சுற்றியது.

"என்னைப் பாக்காதேங்கோ. கடலைப் பாருங்கோ."

"ஓம்" என்றார். திரும்பினார்.

கதிரைக் கால்களை மணலில் புதைத்தான். யாகப்பர் இடுப்போடு முறுகி, கதிரையோடு சரிந்தார். தூக்கி இருத்திவிட்டு, பக்கத்து வீட்டு ஜெகதீஸ் அண்ணையை எதிரே நிற்பாட்டிக் கதை குடுக்கச் சொன்னான். ஜெகதீஸ் நண்டு விலையைத் தொடங்கி, கையை வீசி, படத்துக்குள்ளேயே வந்துவிட்டார். யாகப்பர் அவருக்கு மறுமொழி சொல்லியபடியே மகன் பக்கம் திரும்பினார்.

வெயில் இறங்கியது. பற்றரியில் ஒரு கோடுதான் மிச்சம்.

செருப்புச் சத்தமும் படத்தில் விழுவதை அப்போதுதான் கவனித்தான். கழற்றி எறிந்துவிட்டு வெறுங்காலோடு நடந்தான்.

அதிசயம்! கிழவர் அசையவில்லை. காது வந்தது. பிடரி வந்தது. முதுகு...

"லியோன்! போயிட்டியோடா?"

யாகப்பர் பதறி எழும்பினார். கதிரை பின்னால் விழுந்து கமராவைத் தட்டியது. லென்ஸ் நொறுங்கியது.

"ஏழு நிமிசம் என்னைப் பாக்காமல் இருக்க ஏலாதோ உங்களுக்கு? என்ர படிப்பே முடிஞ்சுது!"

தேத்தண்ணியோடு வந்த அக்கா மாக்கிறேற் தம்பியைத் தள்ளிக் கூட்டிக்கொண்டு போனாள்.

"கத்தாதை. படிக்கிற பிள்ளைக்குச் சொல்லாதை எண்டு என்னட்டைச் சத்தியம் வாங்கினவர். அப்பாக்கு ரெண்டு கண்ணும் தெரியாமல் மூண்டு மாதம். இவ்வளவு நேரமும் உன்ர செருப்புச் சத்தத்தைத்தான் பாத்துக்கொண்டிருந்தவர்."