மோர் குடிக்கச் சொன்ன வில்லன்

பீளமேடு, கோவை.
2025 ஜூன் 14, சனிக்கிழமை, பகல் 3 மணி 17 நிமிடம். நீங்கள் நடித்த டேக் மொத்தம் பதினான்கு. பயன்பட்டது பூஜ்யம்.

பல்லடம் செங்கோடன் மாமா அவர்களுக்கு, தங்கை மகன் தீபக் வணக்கத்துடன் எழுதுவது. கோழிப் பண்ணை நலமா, கீதா அத்தையின் முட்டிவலி நலமா என்று கேட்டதாக வைத்துக்கொள்ளுங்கள். எனக்குச் சுற்றி வளைக்கத் தெரியாது. உங்கள் பண்ணையில் எடுத்த படத்தில் நீங்கள் வரும் காட்சியை வெட்டிவிட்டேன். வெட்டியது டைரக்டர் ரைஹான் அல்ல, எடிட்டர் நான். போனில் சொன்னால் "அதுக்கென்னுங்க மாப்ள" என்று நீங்கள் எனக்கு ஆறுதல் சொல்வீர்கள். அதைத் தாங்க முடியாமல்தான் கடிதம்.

காட்சி என்ன? பண்ணைக்குள் நுழையும் ஹீரோவை ஈவிரக்கமில்லாத பண்ணைக்காரர் விரட்டுகிறார். ஒரே வசனம், "வெளியே போடா". முதல் டேக்கில் "வெளியே போங்க தம்பி" என்றீர்கள். ரைஹான் "சார், கோபமா!" என்று கத்தினார். "கோபமாத்தானுங்க சொன்னேன்" என்றீர்கள். நான்காவதில் சரியாகச் சொல்லிவிட்டு, பின்னாலேயே "தப்பா நெனச்சுக்காதீங்க" என்றீர்கள். ஒன்பதாவதில் ஹீரோவுக்கு வியர்ப்பதைப் பார்த்து, "ஏனுங்க, வெயில்ல இப்படி நிக்கறீங்களே, மோர் குடிச்சுப்போட்டுப் போங்க" என்றதும் அந்த ஆள் வசனத்தை மறந்து உங்கள் பின்னாலேயே வந்துவிட்டார். பதினான்காவதில் கேமராவுக்கே ஒரு கும்பிடு.

நானும் இன்ஜினியரிங் படித்தவன்தானே, கழற்றி மாட்டினால் சரியாகும் என்று ஒரு டேக்கில் இருந்து முகம், இன்னொன்றில் இருந்து கை, வேறொன்றில் இருந்து குரல் என்று சேர்த்துப் பார்த்தேன்; ஒரு நல்ல மனிதருக்குப் பல்வலி வந்த மாதிரி இருந்தது. ஆறு வாரமாக ஜன்னல் இல்லாத இந்த அறையில் உங்களையே முன்னும் பின்னுமாக ஓட்டுகிறேன். பின்னால் ஓட்டினால் உதிர்ந்த இறகு தரையிலிருந்து எழுந்து மிதந்து கோழியிடம் போய்ச் சேரும், சிந்திய மோர் டம்ளருக்குள் ஏறும், நீங்கள் சிரித்தபடியே பின்னோக்கி நடந்து தென்னைகளுக்குள் கரைவீர்கள். டீ குடிக்க இறங்கினால் அங்கேயும் என் கண்ணுக்கு சூலூர் பஸ் பாதி திரும்பி, நின்று, மறுபடி திரும்புகிறது. டீக்கடைக்காரர் கண் சிமிட்டும் இடத்தில் என் விரல் தானாக வெட்டுகிறது. நாற்காலியில் கண்ணயர்ந்தால் நானும் அந்த வெயிலில் நிற்கிறேன். நீங்கள் டம்ளரை நீட்டுகிறீர்கள், எட்டவே மாட்டேன் என்கிறது.

"நீ படத்துல எங்க கண்ணு வர்றே?" என்று அத்தை கேட்கிறார். நான் எங்கேயும் வருவதில்லை, மற்றவர்களும் வராமல் பார்த்துக்கொள்கிறேன், அதுதான் உத்தியோகம். ஏழு வருஷம், ஐந்து படம். கடைசியில் கறுப்புத் திரையில் மூன்று விநாடி என் பெயர். அப்போது நம் ஆட்கள் காலால் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்கள்.

படம் வெளியாகும் ஜூலை 11 வெள்ளிக்கிழமை நாலு வரிசை நிறையச் சொந்தங்களைக் கூட்டிக்கொண்டு தியேட்டருக்குப் போகிறீர்களாம், பேனரும் அடித்தாயிற்றாம், அம்மா சொன்னாள். ரத்து செய்யுங்கள். அத்தனை பேர் நடுவில் நீங்கள் உங்களையே தேடிக்கொண்டு உட்கார்ந்திருப்பதை நினைத்தால் எனக்கு வேலை ஓடவில்லை. முடிவு மாறாது. நியாயம் கேட்டு ஆனைமலை மாசாணியம்மனுக்கு என் பேரில் மிளகாய் அரைத்துப் பூசுவதானால் பூசுங்கள், கோபிக்கமாட்டேன். அத்தைக்கும் கோழிகளுக்கும் என் அன்பு.

இப்படிக்கு,
தீபக்

பி.கு.: கவரை ஒட்டுவதற்கு முன் பதினான்காவது டேக்கின் வாலைப் பார்த்தேன். 'கட்' சொன்ன பிறகும் கேமரா ஓடியிருக்கிறது. யாரையும் கும்பிடாமல், ஒன்றும் பேசாமல், தோளில் ஒட்டிய இறகை எடுத்து ஊதிவிட்டு அது போகும் வழியையே பார்த்துக்கொண்டு நிற்கிறீர்கள். மூன்று விநாடி. அந்தப் படத்திலேயே அழகான மூன்று விநாடி. ஆகவே:

1. 'முடிவு மாறாது' என்ற வரியை வெட்டுகிறேன்.
2. திங்கட்கிழமை ரைஹானிடம் காட்டுகிறேன். வேண்டாம் என்றால் திட்டுவேன். எனக்கு முதல் டேக்கிலேயே வரும்.
3. என் பெயர் வரும் கறுப்புத் திரையை எடுத்துவிட்டு அங்கே உங்களை வைக்கிறேன். நீங்கள் இறகை ஊதும்போது அதன்மேல் 'படத்தொகுப்பு: தீபக்' என்று வரும். நாலு வரிசையிலும் ஒருத்தர்கூட அதைப் படிக்கமாட்டார்கள்.
4. அந்த வெள்ளிக்கிழமை நானும் வாரேனுங்க மாமா. கடைசி வரைக்கும் யாரும் செருப்பைத் தேட வேண்டாம்னு சொல்லி வையுங்க.