அம்மாவுக்கு அழ வரவில்லை

“கட்! அம்மா, ஏம்மா சிரிக்கிறே? உன் மகன் வீட்டை விட்டு ஓடிப்போயிட்டான்!”

“இதோ எதிர்லதானே நிக்கிறான்!” என்றாள் அம்மா. முகம் முழுக்கப் பல்.

மகன் தலையில் கைவைத்துக்கொண்டான். ‘நீ எதுக்காகப் படம் எடுக்கிறே?’ என்று சினிமாக் கல்லூரிப் பேராசிரியர் கேட்கும்போதெல்லாம் அவன் திருதிருவென்று விழிப்பதே வழக்கம். இந்தக் கடைசி வருடப் படத்திலும் பதில் கிடைக்காவிட்டால் சினிமாவுக்கே முழுக்கு என்று தீர்மானித்திருந்தான். படமோ, ஜன்னலோரம் ஒரு தாய் அழும் ஒரே காட்சியை நம்பி இருந்தது. அம்மாவோ, பிள்ளை கேமராவுக்குப் பின்னால் நிற்கும் அழகைப் பார்த்துப் பூரித்துப்போயிருந்தாள்.

வெங்காயத்தை நறுக்கச் சொன்னான். கண்ணீர் தாரை தாரையாக வந்தது. சிரிப்பும் கூடவே வந்தது.

சரி, அழுவது அப்பாவாக இருக்கட்டும் என்று அவரை உட்காரவைத்தான். அவர் லென்ஸை நேராகப் பார்த்து, “டைரக்டர் என் பையன்தான்” என்று அறிவித்துவிட்டு எழுந்து போனார்.

எதிர்வீட்டு அத்தையை அழைத்துவந்தான். அவள் அழுத அழுகையில் தெருவே கூடிவிட்டது.

“ஐயோ, யாருக்கு என்ன ஆச்சு?”

“ஒண்ணும் ஆகலை, என் பையன் சினிமா எடுக்கிறான்!” என்று அம்மா ஒவ்வொருவரிடமும் சொல்ல, அத்தனை பேரும் ஜன்னலுக்கு வெளியே நின்று கேமராவுக்குக் கையாட்டினார்கள்.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதைதான். எல்லோரையும் கெஞ்சி அனுப்பிவிட்டு அவன் தரையில் உட்கார்ந்தான்.

“எனக்கு இது வராதும்மா. நாளைக்கே காலேஜை விட்டுடறேன்.”

நிஜமாகத்தான் சொன்னான். முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். லைட் பிடித்துக்கொண்டிருந்த தங்கை அதைக் கீழே தாழ்த்தினாள்.

அவன் நிமிர்ந்து பார்த்தால், அம்மாவின் முகத்தில் அந்தச் சிரிப்பு இல்லை. உதடு துடித்தது. கண் நிறைந்து வழிந்தது. அவன் கை தானாகக் கேமராவை ஓடவிட்டது.

கல்லூரியில் படம் ஓடி முடிந்தபோது அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. குடும்பத்தோடு நின்றவனிடம் பேராசிரியர் வந்தார்.

“இப்ப சொல்லு, எதுக்காகப் படம் எடுக்கிறே?”

“மனுஷங்க மறைச்சு வைக்கிற உண்மையைப் பிடிக்கத்தான் சார்!” என்றான், நெஞ்சு நிமிர்த்தி. “எங்கம்மாவுக்கு நடிக்கவே தெரியாது. அந்தக் கண்ணீர் நிஜம்!”

அம்மா பெருமை தாங்காமல் தலையாட்டினாள். தங்கைக்குத்தான் பொறுக்கவில்லை.

“நடிக்கத் தெரியாதா? நீ தலையைக் கவிழ்த்ததுமே, ‘லைட்டை என் மூஞ்சிக்குத் திருப்புடி, இவன் சினிமாவை எப்படி விடறான்னு பார்க்கிறேன்’னு என் காதுல சொல்லிட்டுதானே அம்மா அழுதாங்க!”