அமாவாசையன்று ஜிமிக்கிக்குப் பரீட்சை

அன்றைக்கு எனக்கு இருந்தது ஒரே ஒரு வேலை. காலை பத்து மணியிலிருந்து பதினொன்று வரை எங்கள் வீட்டுக் கிளி கத்தாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கேட்பதற்குச் சின்ன வேலைதான். முப்பத்து நாலு வருடம் ஒரு தினசரியில் உதவி ஆசிரியராக இருந்து, இரண்டு மணி நேர மேடைப் பேச்சுகளையெல்லாம் கால் பத்தியில் அடக்கியவன் நான். ஒரு கிளியை அடக்க முடியாதா என்று நினைத்தேன்.

கிளியின் பெயர் ஜிமிக்கி. நம்மூர்ப் பச்சைக்கிளி இல்லை; அதை வளர்த்தால் வனத்துறை வீட்டுக்கு வந்துவிடும். இது வெளிநாட்டு இனம். மஞ்சள் உடம்பு, ஆரஞ்சுத் தலை, பச்சையில் வால். ஆரணி பஜாரில் இந்தக் கலரில் புடவை வைத்தால் காலையிலேயே விற்றுவிடும்.

இதை வளர்த்தவர் இதே ஊர் நெசவாளி ஒருவர். திருப்பூரில் வேலை கிடைத்துக் குடும்பத்தோடு கிளம்பியபோது, கூண்டைக் கொண்டுவந்து என் மனைவி சகுந்தலாவிடம் கொடுத்தார்.

"கத்துமாப்பா?" என்று நான் அப்போதே கேட்டேன்.

"எங்க வீட்ல மூணு வருஷமா கீது சார். வாயே தெறக்காது."

எங்கள் வீட்டில் மறுநாள் காலை ஆறரை மணிக்குத் திறந்தது.

எவர்சில்வர் அண்டாவைச் சிமென்ட் தரையில் இழுத்தால் ஒரு சத்தம் வருமே, அது. அண்டாவை இழுப்பவர் ஒரு கட்டத்தில் நிறுத்துவார். இது நிறுத்தவில்லை.

முதல் நாள் நான் "ஏய், சும்மா இரு" என்று அதட்டினேன். அதற்கு ஒரே சந்தோஷம். பேச ஆள் கிடைத்துவிட்டது என்று இன்னும் உரக்கக் கத்தியது. சகுந்தலா ஓடிவந்து ஒரு துண்டு கொய்யாப்பழம் கொடுத்தாள். கத்தினால் கொய்யா வரும் என்று அது குறித்து வைத்துக்கொண்டது. கூண்டுக்குள் கைவிட்டுச் சமாதானம் பேசினேன். ஆள்காட்டி விரலில் ஒரு முத்திரை வைத்து அனுப்பியது. நாலாம் நாள் தன் நெஞ்சு இறகைத் தானே பிடுங்கிப் போட ஆரம்பித்தது.

மாட்டு ஆஸ்பத்திரிக்கு எடுத்துப் போனேன். டாக்டர் கூண்டைச் சுற்றி வந்து பார்த்தார்.

"மாடு கத்துச்சுன்னா காரணம் சொல்லுவேன் சார். கிளி கத்துச்சுன்னா எனக்குத் தெரியாது. நோவு ஒண்ணும் இல்ல. அதுக்கு என்னமோ கொறையா இருக்குது. நீங்க மட்டும் திருப்பிக் கத்தாதீங்க."

இதற்குள் மாடியில் குடியிருக்கும் பெண் கீழே இறங்கி வந்தாள். வீட்டிலிருந்தபடியே கம்ப்யூட்டரில் கம்பெனி வேலை பார்க்கிறவள்.

"அங்கிள், மீட்டிங்ல எல்லாரும் பின்னாடி யாரைப் போட்டு அடிக்கிறாங்கன்னு கேக்குறாங்க."

அவள் சொன்ன இரண்டாம் நாள் வீட்டுச் சொந்தக்காரர் ஏகாம்பரம் வந்துவிட்டார். அடுத்த தெருவில் பட்டு வியாபாரம் செய்கிறவர். அறுபத்தைந்து வயது. புடவையை விளிம்பில் பிடித்துப் பார்த்தே எந்த இடத்தில் இழை போயிருக்கிறது என்று சொல்லிவிடுவார்.

"சார், எனக்குப் பறவை மேல கோவம் கெடையாது. ஆனா பேஜாரா பூடுச்சு. ரெண்டு வாரம் டைம். அப்புறம் நானே வந்து ஒரு மணி நேரம் உக்காந்து கேப்பேன். கத்துச்சுன்னா கூண்டு இந்த வீட்ல இருக்கக் கூடாது."

"மாடியில கேட்டுக்கலாமே அண்ணே, அவங்களே சொல்லுவாங்க," என்றாள் சகுந்தலா.

"நான் கேக்காம நம்ப மாட்டேம்மா. ஜரிகையே ஒரசிப் பாத்துதான் வாங்குவேன்."

அவர் போனதும் சகுந்தலா என் பக்கம் திரும்பினாள்.

"ஜிமிக்கி போனா நானும் வந்தவாசிக்குப் போயிடுவேன். எங்க அண்ணன் வீட்டு மாடி காலியாதான் இருக்குது."

"நான்?"

"உங்களை வீட்டுக்காரர் ஒண்ணும் சொல்லலையே. நீங்க இருங்க."

அன்றிரவே போனில் கிளிப் பயிற்சி வீடியோக்கள் எல்லாவற்றையும் பார்த்தேன். சாரம் இதுதான். கிளி கத்தும்போது பார்க்கக் கூடாது, பேசக் கூடாது, அறையை விட்டுக்கூடப் போகலாம். அமைதியாக இருக்கும் நொடியில் உடனே ஒரு சூரியகாந்தி விதை. கடிக்க ஏதாவது கொடுக்க வேண்டும். சாயந்திரம் இருட்டியதும் கூண்டின் மேல் துணியைப் போட்டுத் தூங்கவிட வேண்டும்.

எல்லாம் செய்தேன். கடிக்கத் தேங்காய்த் தொட்டி கட்டிவிட்டேன். சட்டைப் பையில் சூரியகாந்தி விதை, கையில் டைரி. கத்திய நேரம், நிறுத்திய நேரம், கொடுத்த விதை எல்லாம் பதிவு.

முதல் இரண்டு நாள் காது போயிற்று. மூன்றாம் நாள் காலை எட்டு மணிக்கு ஜிமிக்கி அடங்கியது.

சும்மா அடங்கவில்லை. ஒற்றைக் காலில் நின்று, அலகை மெல்ல அரைத்துக்கொண்டு, கண்ணைப் பாதி மூடியது. கிளி நிம்மதியாக இருந்தால் அப்படித்தான் அலகை அரைக்குமாம். நான் விதை கொடுத்துக் கொடுத்து விதையே தீர்ந்துபோயிற்று.

நாலாம் நாளும் அப்படியே. பத்தாம் நாளும் அப்படியே. நெஞ்சில் இறகு முளைக்க ஆரம்பித்தது.

மனிதனுக்கு இதற்குமேல் என்ன வேண்டும்? டீக்கடையில் கிளி மனோதத்துவம் பேச ஆரம்பித்தேன். பக்கத்து வீட்டுக் கன்னியப்பன் தறியை நிறுத்திவிட்டுத் தண்ணீர் குடிக்க வெளியே வந்தால், அவனையும் பிடித்துக்கொள்வேன்.

"பொறுமைதான் கன்னியப்பா. அறிவியல் முறை."

"ஆமா சார், சத்தமே காணோம். எனக்கும் இப்ப நிம்மதியா கீது. தறிக்குப் பாவு நூலு தீந்துபோயி பத்து நாளா சும்மா ஒக்காந்துகினு இருந்தப்போ அது கத்துனது கொஞ்சமா? புதுப் பாவு வந்து தறிய ஓட்ட ஆரம்பிச்சதும் அது சத்தமே காதுல வுழல."

இந்த வாக்கியத்தைக் கேட்டுவிட்டு நான் தலையாட்டிவிட்டு வந்தேன். செய்திக்குள் இருக்கும் செய்தியை எடுப்பதுதான் என் தொழில் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவன்.

ஏகாம்பரம் போன் செய்தார். "என்னிக்கு வரட்டும் சார்?"

இங்கேதான் என் புத்திசாலித்தனம். எங்கள் தெருவில் பகல் முழுக்கத் தறிச் சத்தம்தான். பிறந்ததிலிருந்து கேட்பதால் அது எங்களுக்குச் சத்தமாகவே தோன்றுவதில்லை. ஆனால் பரீட்சை என்றால் சுத்தமாக நடக்க வேண்டும் அல்லவா? பின்னால் 'தறிச் சத்தத்துல கிளி கத்துனது எனக்குச் சரியா கேக்கல' என்று அவர் சொல்லிவிடக் கூடாது.

"அமாவாசை அன்னிக்கு வாங்க," என்றேன். "ஒருத்தரும் தறியில ஏற மாட்டாங்க. தெருவே கப்சிப்னு இருக்கும். நல்லா கேக்கலாம்."

"நீங்க சொல்றதும் சரிதான்," என்றார் அவர்.

அமாவாசையும் வந்தது. தெரு நிஜமாகவே கப்சிப். பத்து மணிக்கு ஏகாம்பரம் வந்து நாற்காலியில் உட்கார்ந்து, கைக்கடிகாரத்தைக் கழற்றி மேசையில் வைத்தார். சகுந்தலா காபி கொடுத்தாள்.

ஜிமிக்கி கம்பியின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்தது. தலையைச் சாய்த்து எதையோ கேட்டது. கேட்க ஒன்றும் இல்லை.

பத்து மூன்றுக்கு அண்டாவை இழுத்தது.

"பார்க்காதீங்க," என்றேன் அவசரமாக. "பார்த்தா அது ஜெயிச்சுடும். சுவரைப் பாருங்க."

ஏகாம்பரம் காபி டம்ளரோடு சுவர்ப் பக்கம் திரும்பினார். நானும் திரும்பினேன். சகுந்தலாவும் திரும்பினாள். மூன்று பேரும் சுவரில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். பின்னால் ஜிமிக்கி தொண்டையைக் கிழித்துக்கொண்டிருந்தது.

"எம்மா நேரம் சார் இப்பிடி?"

"அதுவா நிறுத்துற வரைக்கும்."

"நான் ஒரு மணி நேரந்தான் கேப்பேன்னு சொன்னேன். இப்பிடிக் கேப்பேன்னு சொல்லல."

பத்து இருபதுக்கு ஜிமிக்கி நெஞ்சில் புதிதாக முளைத்த இறகைப் பிடுங்கி வெளியே எறிந்தது. சகுந்தலா எழுந்து அதைப் பொறுக்கினாள். உள்ளே போய்ப் பரணிலிருந்து பெட்டியை இறக்கும் சத்தம் கேட்டது.

கன்னியப்பன் வாசலில் வந்து நின்றான். அமாவாசைக்குத் தலைக்குக் குளித்து, வெள்ளை வேட்டி.

"இன்னா சார், அறிவியலு பூட்ச்சா?"

"பதினோரு நாள் ஒழுங்கா இருந்தது கன்னியப்பா. இன்னிக்கு என்ன வந்ததுன்னே தெரியல."

"இன்னிக்கு ஒண்ணும் வரல சார். அதான் கத்துது. தறி ஓடலியே." அவன் கூண்டைப் பார்த்தான். "மின்ன வளத்தவரு வீட்ல இத்த எங்க மாட்டியிருந்தாங்க தெரியுமா? தறிக்கு நேர் மேல. தெருவுல தூரத்துல ஓடுற தறி அதுக்குப் பத்தாது, பக்கத்துல ஓடணும். குஞ்சுலேர்ந்து அந்தச் சத்தத்துலதான் கண்ணு தொறந்துது. அந்த வீட்ல அமாவாசைன்னா அவரு கூண்டத் தூக்கிக்கினு பவர்லூம் வெச்சிருக்கற மச்சான் வீட்டுக்குப் பூடுவாரு, அங்க அன்னிக்கும் ஓடும். நீங்க கேக்கவே இல்லியா?"

டைரியைப் பிரித்தேன். கிளி அடங்கிய நாள், பதினான்காம் தேதி. அதே பக்கத்தில், என் கையெழுத்திலேயே, கீழே ஒரு வரி: 'கன்னியப்பன் வீட்டில் புதுப் பாவு, காலை எட்டு மணி.' இரண்டு வரிக்கும் நடுவில் ஒரு விரல்கூட இடைவெளி இல்லை.

ஏகாம்பரம் கைக்கடிகாரத்தைக் கையில் எடுத்தார். நான் கன்னியப்பனைத் தனியே இழுத்தேன்.

"ஒரு அரை மணி நேரம் தறியை ஓட்டேன்."

"அமாவாசை சார். கை வெக்க மாட்டோம்."

போனில் தறி ஓடும் வீடியோவைத் தேடிப் போட்டேன். ஜிமிக்கி சட்டென்று நிறுத்திக் காது கொடுத்தது. நாற்பது நொடி. பிறகு வீடியோவின் நடுவே சிமென்ட் விளம்பரம் வந்தது. அதற்கு வந்த கோபத்தை முன்பு நான் பார்த்ததில்லை.

கடைசியில் சமையலறையிலிருந்து உட்காரும் மணையையும் பூரிக்கட்டையையும் எடுத்து வந்து தட்ட ஆரம்பித்தேன்.

கன்னியப்பன் முகத்தைச் சுளித்தான். "அது தறி இல்ல சார். வெறகு பொளக்கிற சத்தம்."

"சரி, எப்படித் தட்டணும்?"

"மொதல்ல காலு. மிதிய மாத்தணும். அப்பால குறுக்கு நூல இழுத்துக்கினு நாடா ஓடணும், அது மெலிசா ஒரு சத்தம். கடசியாதான் பலகை வந்து அடிக்கணும். நீங்க பலகைய மட்டும் போட்டு சாத்திக்கினு கீறீங்க."

"நீயே கொஞ்சம் தட்டேன்பா. இது தறி இல்லையே, மணைதானே?"

"கட்ட மணைதான் சார். நெனப்பு தறியிலதான போவும்? வேணாம்."

நான் காலால் ஒன்று, கையால் ஒன்று என்று முயன்றேன். ஜிமிக்கி ஒரு கணம் நிறுத்தி என்னைப் பார்த்தது. அச்சுப்பிழையைப் பார்க்கும் ஆசிரியரின் பார்வை. பிறகு தொடர்ந்து கத்தியது.

"நிறுத்துங்க சார்." ஏகாம்பரம் எழுந்துவிட்டார். கூண்டை எடுக்கத்தான் சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். அவர் என் கையிலிருந்த பூரிக்கட்டையைப் பிடுங்கினார்.

"கிளி கத்துறதக்கூடப் பொறுத்துக்கலாம். இந்த அடியக் கேக்க முடியல. இப்பிடி நெஞ்சா பொடவை கந்தலாதான் வரும்."

"அண்ணே, அமாவாசை," என்றான் கன்னியப்பன்.

"நான் தறிய வுட்டு முப்பது வருஷம் ஆச்சுடா. வியாபாரிக்கு ஏது அமாவாசை?"

வேட்டியை ஏற்றிக் கட்டித் தரையில் உட்கார்ந்தார். மணையை முன்னால் சாய்த்து வைத்தார். வலது குதிகால், இடது குதிகால். விரல் நகத்தால் மணையில் ஒரு சின்னக் கீறல். பிறகு பூரிக்கட்டை, இரண்டு அடி. மறுபடி குதிகால்.

நாலாவது சுற்றில் ஜிமிக்கி வாயை மூடியது. ஏழாவதில் ஒரு காலைத் தூக்கி வயிற்றுக்குள் செருகிக்கொண்டது. அப்புறம் அலகை அரைக்கும் அந்த மெல்லிய சத்தம்.

சகுந்தலா பெட்டியோடு வந்தவள் கதவருகே நின்றுவிட்டாள். வீடு முழுக்க ஒரு தறி ஓடிக்கொண்டிருந்தது. கன்னியப்பன் மட்டும், "அண்ணே, கொஞ்சம் வேகம்," என்றான்.

"வாய மூடு. இது வேற பாவு," என்றார் ஏகாம்பரம் நிறுத்தாமல்.

பதினொன்று அடித்தது. அவர் கையை நிறுத்தினார். ஜிமிக்கி ஒரு கண்ணைத் திறந்தது. அவர் உடனே தொடர்ந்தார்.

"டைம் ஆயிடுச்சு அண்ணே," என்றாள் சகுந்தலா.

"தெரியுதும்மா. எப்பிடி நிறுத்துறதுன்னுதான் தெரியல."

"அப்ப கூண்டு?"

"இருக்கட்டும். அது மேல தப்பு இல்ல." பூரிக்கட்டையால் என்னைக் காட்டினார். "தொழில் தெரியாதவங்க வீட்ல வந்து மாட்டிக்கிச்சு."

சகுந்தலா பெட்டியைக் கீழே வைத்தாள். "அமாவாசைச் சமையல் ஆயிடுச்சு. வடை, பாயசம். இருந்து சாப்பிட்டுட்டுப் போங்க அண்ணே. அடுத்த அமாவாசைக்கும் வந்துடுங்க."

அவர் குதிகாலை மாற்றி யோசித்தார். "வாழக்கா பொரியல் உண்டா?"

"உண்டு."

இப்போது மாதம் ஒருநாள் வீட்டுக்காரர் வந்து தட்டிவிட்டுச் சாப்பிட்டுப் போகிறார். அவர் கை கழுவப் போகும்போது நான் பூரிக்கட்டையை வாங்கிக்கொள்கிறேன். ஜிமிக்கி கத்துவதில்லை. முதுகைக் காட்டித் திரும்பி உட்கார்ந்துகொள்கிறது. வாசகர்களிடமிருந்தும் எனக்கு இதைவிடப் பெரிய பாராட்டு ஒன்றும் கிடைத்ததில்லை.