பத்துக்குப் பத்து மகிழ்ச்சி

உலகம் தோன்றிய நாள் முதல் குழந்தைகள் ஓடிக்கொண்டேயிருக்கிறார்கள். ஆனால் அத்தனையும் முன் அனுமதி பெறாமல், தீர்மானம் நிறைவேற்றாமல், எதற்காக ஓடுகிறோம் என்று ஒரு வரி எழுதிக்கூட வைக்காமல் ஓடிய ஓட்டங்கள். மனித குலத்தின் இந்த நெடுநாள் ஒழுங்கீனத்துக்கு முற்றுப்புள்ளி வைத்த பெருமை ஒரே ஒரு தகப்பனைச் சேரும்.

அவர் ஓர் அலுவலகத்தில் தபால் பிரிவுக் கண்காணிப்பாளர். வருகிற கடிதத்துக்கு எண் போட்டு, முத்திரை குத்தி, உரிய மேசைக்கு அனுப்புவது அவர் பொறுப்பு. மேசைக்குப் போன கடிதம் அப்புறம் என்ன ஆகிறது என்பது அவர் பொறுப்பல்ல. மின்விசிறியை அணைக்கும் முறை பற்றி எட்டுப் பத்திகளில் சுற்றறிக்கை விட்டவர் என்பதால் அலுவலகத்தில் எல்லோரும் அவரைச் 'சுற்றறிக்கை' என்றே அழைத்தார்கள். அவர்கள் அதைப் பட்டப்பெயர் என்று நினைத்தார்கள். அவர் பட்டம் என்று எடுத்துக்கொண்டார்.

அவருக்கு ஒரே மகள். ஒன்பது வயது. மகள் விஷயத்தில் அவருக்கு உள்ளூர ஒரு பயம் இருந்தது. ஒரு மாலை லிஃப்ட் வேலை செய்யவில்லை. நான்காவது மாடியிலிருக்கும் வீட்டுக்குப் படியேறியவர், இரண்டாவது மாடியில் மூச்சு வாங்கிப் படியிலேயே உட்கார்ந்துவிட்டார். கண் இருட்டிக்கொண்டு வந்தது. மகள்தான் மேலே ஓடித் தண்ணீர் கொண்டுவந்தாள். போதாதென்று மறுபடி ஓடி இன்னொரு சொம்பு கொண்டுவந்தாள். சட்டை நனைய உட்கார்ந்திருந்த அவர், தன் மகளும் ஒரு நாள் இப்படிப் படியில் உட்கார்ந்துவிடக் கூடாது என்று அப்போதே முடிவு செய்தார். நான்காம் மாடிக்கும் இரண்டாம் மாடிக்குமாக இரண்டு முறை ஓடியவளுக்கு மூச்சே வாங்கவில்லை என்பது அவர் கவனத்துக்கு வரவில்லை. வந்திருந்தாலும் அதற்குப் பதிவு எதுவும் இல்லை.

மறுவாரமே பள்ளியிலிருந்து ஒரு தாள் வந்தது. 'குழந்தைகள் தினமும் ஒரு மணி நேரம் உடலியக்கத்தில் ஈடுபட வேண்டும். அதை மகிழ்ச்சியுடன் செய்யப் பெற்றோர் உதவ வேண்டும்.' அவர் அதை மூன்று முறை படித்தார். எண் போட்டார். முத்திரை வீட்டில் இல்லாதது ஒரு குறையாகவே பட்டது.

அப்போது மகள் வாசலுக்கு வெளியே, வராந்தாவில், கறுப்புக் கல்லை மிதிக்காமல் வெள்ளைக் கல்லில் மட்டும் நொண்டியடித்து லிஃப்ட் வரை போய்த் திரும்பிக்கொண்டிருந்தாள். எதிர்வீட்டு ரெட்டைச் சடையும் கூட இருந்தாள்.

"பாப்பா, குதிக்காதே. உள்ள வந்து உக்காரு. உடற்பயிற்சி பத்திப் பேசணும்" என்றார்.

இவ்வாறாகக் குடும்ப உடலியக்க மேம்பாட்டுக் குழுவின் முதல் கூட்டம் வரவேற்பறைச் சோபாவில் தொடங்கியது. மனைவி ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் நாள் முழுக்க நின்று வேலை பார்த்துவிட்டு அப்போதுதான் வந்திருந்தாள். உட்காரக் கிடைத்ததே போதும் என்று கூட்டத்துக்கு ஒப்புக்கொண்டாள்.

"தலைவர் யாரு?" என்று கேட்டாள்.

"இன்னும் தேர்ந்தெடுக்கல."

"நீங்கதான்னு எங்களுக்குத் தெரியுமே."

"அப்ப ஒருமனதாத் தேர்வுன்னு எழுதிக்கிறேன். நீ செயலாளர்."

"நான் யாருப்பா?" என்றாள் மகள், சோபா நுனியில் கால்களை ஆட்டிக்கொண்டு.

"நீ பயனாளி. காலை ஆட்டாதே."

பள்ளித் தாளில் 'உடலியக்கம்' என்ற சொல்லில் அவருக்குச் சிக்கல் எதுவும் இல்லை. 'மகிழ்ச்சியுடன்' என்ற சொல்தான் இடித்தது. மகிழ்ச்சி இருந்தது என்பதற்கு ஆதாரம் என்ன? நாளை யாராவது கேட்டால் எதைக் காட்டுவது? இரண்டு நாள் யோசித்தார். மூன்றாம் நாள் நீளமான ஒரு நோட்டு வாங்கிவந்து கோடு போட்டார். தேதி, செய்த இயக்கம், நிமிடம், மகிழ்ச்சி. கடைசிக் கட்டத்தில் பயனாளியே தன் கையால் ஒன்று முதல் பத்துக்குள் ஓர் எண் எழுத வேண்டும். தலைவர் கையொப்பமிடுவார்.

முதல் நாள் இருபது முறை குனிந்து நிமிர்ந்தாள். எட்டு போட்டாள். அடுத்த நாளும் இருபது. ஏழு போட்டாள்.

"நேத்து எட்டு, இன்னைக்கு ஏழு. அந்த ஒண்ணு எங்க போச்சு?"

"தெரியலப்பா."

"தெரியலன்னா எப்படி? யோசிச்சுப் பாரு. குனியறப்போ குறைஞ்சுதா, நிமிரறப்போ குறைஞ்சுதா?"

மகள் யோசித்தாள். "நடுவுல."

இந்த 'நடுவுல' குறித்து நாற்பது நிமிடம் விசாரணை நடந்தது. வெளியே ரெட்டைச் சடை இரண்டு முறை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள். நடுவில் எங்கே என்பதைப் பயனாளியால் தெளிவுபடுத்த இயலவில்லை என்று குறிப்பெழுதி விசாரணை முடிக்கப்பட்டது.

ஞாயிற்றுக்கிழமை களப்பணி. பூங்காவுக்குப் போனார்கள். ரெட்டைச் சடையும் அவளோடு இன்னும் நாலைந்து பிள்ளைகளும் முன்பே அங்கே ஒருவரையொருவர் துரத்திக்கொண்டிருந்தார்கள். மகள் செருப்பைக் கழற்றி வீசிவிட்டு அந்தக் கும்பலில் பாய்ந்தாள். அவர் பெஞ்சில் உட்கார்ந்து கடிகாரத்தைப் பார்த்தார், நோட்டைத் திறந்தார், இயக்கத்தின் பெயர் என்ன என்று எழுத முயன்றார். பெயர் தெரியவில்லை. எழுந்துபோய்க் கையைத் தட்டினார். பிள்ளைகள் நின்றார்கள்.

"இது என்ன விளையாட்டு?"

"ஓடிப் பிடிக்கிறது, அங்கிள்" என்றாள் ரெட்டைச் சடை.

"யார் யாரைப் பிடிக்கணும்?"

"அவ எங்களைப் பிடிக்கணும். பிடிச்சதும், பிடிபட்டவங்க மத்த எல்லாரையும் பிடிக்கணும்."

"எல்லாரையும் பிடிச்சு முடிச்சப்புறம்?"

"முடியாது, அங்கிள். மறுபடி ஓடுவோம்."

"அப்ப இதுக்கு முடிவுன்னே ஒண்ணு கிடையாதா?"

பிள்ளைகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இந்தக் கோணத்தில் அவர்கள் யாரும் சிந்தித்ததில்லை. முடிவு இல்லாத ஒரு காரியத்தைத் தொடங்குவது எவ்வளவு ஆபத்தானது என்பதை அவர் பொறுமையாக விளக்கினார். விளக்கி முடிப்பதற்குள் பிள்ளைகள் ஒவ்வொருவராகப் பூங்காவின் மறுகோடிக்கு நழுவிவிட்டார்கள். மகள் மட்டும் நின்றாள். அவள் செருப்பைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டாள்.

அன்று அவள் மூன்று போட்டாள். விசாரணை ஒன்றரை மணி நேரம் நடந்தது.

திங்கட்கிழமையிலிருந்துதான் அந்த அதிசயம். இருபது முறை குனிந்து நிமிர்ந்து வந்த மகள், பேனாவை வாங்கிக் கொட்டை எழுத்தில் பத்து என்று போட்டாள். செவ்வாயும் பத்து. புதனும் பத்து. அதற்குப் பின் ஒரு நாள்கூட இறங்கவில்லை. பத்தில் விசாரிக்க என்ன இருக்கிறது? அவர் கையொப்பமிட்டு நோட்டை மூடி உள்ளே எடுத்துப் போனார். உள்ளறையில் உட்கார்ந்து, முந்தைய பக்கங்களைப் புரட்டிப் பார்த்துப் பூரித்தார்.

"பாத்தியா, பத்து" என்று மனைவியிடம் நோட்டை நீட்டினார்.

அவள் துவைத்த துணியை மடித்துக்கொண்டிருந்தாள். "பத்துக்கு மேல எதுவும் கிடையாதா?"

"கிடையாது."

"அது போதும் அவளுக்கு" என்றாள்.

அந்தப் பதிலில் தொனித்தது என்ன என்று அவர் ஆராயவில்லை. ஆராயும்படி அவள் எண் எதுவும் எழுதித் தரவில்லையே.

முப்பத்தெட்டாம் நாள் நோட்டின் நகல் பள்ளிக்குப் போயிற்று. தலைமை ஆசிரியர் தன் பணிக்காலத்தில் இப்படி ஓர் ஆவணத்தைக் கண்டதில்லை. இடைவிடாத மகிழ்ச்சி, ஒவ்வொரு நாளும் கையொப்பத்துடன். உடனே அழைப்பு வந்தது. 'ஓடி விளையாடும் குழந்தைகள்' என்ற தலைப்பில் மாணவர்களிடையே அவர் உரையாற்ற வேண்டும். பாட வேளைகள் பாதிக்கப்படக் கூடாது என்பதால், உரைக்கு வெள்ளிக்கிழமை விளையாட்டு வேளை ஒதுக்கப்பட்டது.

வெள்ளிக்கிழமை அவர் அலுவலகத்துக்கு அரை நாள் விடுப்புப் போட்டுவிட்டு, இஸ்திரி போட்ட சட்டையில் போனார். பள்ளியின் பெரிய கூடத்தில், தரையில், இருநூறு பிள்ளைகள் வரிசையாகச் சம்மணம் போட்டு உட்கார வைக்கப்பட்டிருந்தார்கள். ஜன்னலுக்கு வெளியே மைதானம் வெயிலில் காலியாகக் கிடந்தது. உடற்கல்வி ஆசிரியை கக்கத்தில் ஒரு பந்தை இடுக்கிக்கொண்டு பின்சுவரோரம் நின்றாள். இறக்கிவைக்க யாரும் சொல்லாததால் அவள் அதைக் கடைசி வரை இறக்கிவைக்கவில்லை.

அவர் ஒரு மணி நேரம் பத்து நிமிடம் பேசினார். அசையாமல் ஓரிடத்தில் உட்கார்ந்திருப்பது குழந்தைகளின் எலும்புக்கும் இதயத்துக்கும் எவ்வளவு கெடுதல் என்பதை உதாரணங்களோடு எடுத்துரைத்தார். இரண்டாம் வரிசையில் ஒரு பொடியன் காலை நீட்டினான். "காலை மடக்கு. சார் முக்கியமா பேசிக்கிட்டிருக்காரு" என்று தலைமை ஆசிரியர் கிசுகிசுத்தார். கால் மடங்கியது.

முடிவில் மகளை மேடைக்கு அழைத்தார்கள். அவர் நோட்டை விரித்து உயர்த்திப் பிடித்தார். "பத்துக்குப் பத்து" என்றார். சொல்லும்போது குரல் உண்மையிலேயே தழுதழுத்தது. அவருக்கு அவள்மீது அவ்வளவு ஆசை.

"நான் ஒண்ணு கேக்கலாமா?" என்று பின்சுவரிலிருந்து உடற்கல்வி ஆசிரியை குரல் கொடுத்தாள். "தினமும் பத்து போட்டிருக்கியே, கண்ணு. எந்த நேரத்துல உனக்கு அவ்வளவு சந்தோஷமா இருந்துச்சு? குனியறப்பவா, நிமிரறப்பவா?"

மகள் அப்பாவைப் பார்த்தாள். பொய் சொல்லும் பழக்கம் அவளுக்குக் கிடையாது, எண்ணில் மட்டும்தான்.

"பத்து போட்டதுக்கப்புறம், டீச்சர்."

"அதுக்கப்புறம் என்ன?"

"பத்து போட்டா அப்பா ஒண்ணும் கேக்க மாட்டாரு. நோட்டை எடுத்துக்கிட்டு உள்ள போயிடுவாரு. அப்புறம் நானும் ரெட்டைச் சடையும் வராந்தாவுல விளையாடுவோம்."

பதிலின் கடைசி வார்த்தையை மட்டும் கேட்ட தலைமை ஆசிரியர் கைதட்டினார். உடனே இருநூறு பிள்ளைகளும் தட்டினார்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் அசையாமல் இருந்தவர்கள், கையையாவது ஆட்டக் கிடைத்த வாய்ப்பை லேசில் விடவில்லை. அந்தச் சத்தத்துக்கு நடுவே அவர் நோட்டை உயர்த்திய கையோடு நின்றார். கை வலித்தது. இறக்குவதா வேண்டாமா என்று தெரியவில்லை. பக்கத்தில் நின்ற மகள் மெல்ல அவர் சட்டை நுனியைப் பிடித்து, "கோவமாப்பா?" என்று கேட்டாள். இல்லை என்று தலையாட்டினார். உண்மையிலேயே கோபம் இல்லை. மனசுக்குள் வேறு ஏதோ இருந்தது. அதற்கு அவரிடம் கட்டம் இல்லை.

பள்ளி விடும் மணி அடித்தது.

இருநூறு பிள்ளைகளும் ஒரே நேரத்தில் எழுந்தார்கள். வரிசை உடைந்தது. கதவு போதாமல் இடித்துப் பிடித்து மைதானத்துக்குள் கொட்டினார்கள். மகள் சட்டை நுனியை விட்டாள், மேடையிலிருந்து குதித்தாள், எல்லோரையும் முந்திக்கொண்டு போனாள். அவள் ஓடும்போது வாய் இவ்வளவு அகலமாகத் திறக்கும் என்பதை அவர் அன்றுதான் பார்த்தார். முப்பத்தெட்டு நாளில் ஒரு நாளும் பார்த்ததில்லை.

தலைமை ஆசிரியர் அவர் தோளில் கை போட்டார். கண்களில் நன்றி ததும்பியது.

"பாருங்க சார், எப்படி ஓடுறாங்கன்னு. எல்லாம் உங்களாலதான்."

அதை மறுக்க அவரிடம் ஆதாரம் எதுவும் இல்லை.